ஊர்ப் பெயரும் உடையவர் பணமும்

வாலாஜா, ராணிப்பேட்டை, மேல்விஷாரம், வேலூர், ஆம்பூர், வாணியம்பாடி என்று பாலாற்றை ஒட்டியும் ரயில் பாதையை ஒட்டியும் அமைந்திருக்கும் ஊர்களுக்குத் தனித்தனிச் சரித்திரம் உண்டு என்றாலும், வெளியூரார் அவற்றையெல்லாம் ஒரே பிரதேசமாக எண்ணுவதற்குக் காரணம் தோல்தான். ஒரு நூற்றாண்டுக்கு மேலாக உலகத்தாரின் பாதங்களுக்கு வேண்டியதைச் செய்து அனுப்பிவரும் இப்பிரதேசம், பாதத்தால் ஆடும் ஆட்டத்தில் தேசத்தின் முதல் வரிசையில் நின்ற கழகம் ஒன்றையும் தரவில்லை என்பது முதற்பார்வைக்கு விந்தையாகவே தோன்றும். பணமின்மை இதற்குக் காரணமென்று சொல்ல முடியாது. ஜனத்தொகை போதாது என்றும் சொல்ல முடியாது. இவ்வூர்களை ஒத்த ஓர் ஊர் பஞ்சாபிலும், இவற்றைவிட மிகச் சிறியதோர் ஊர் ருமேனியாவிலும் தத்தம் தேசத்தின் சாம்பியன் பட்டத்தையே வென்றிருக்கின்றன. பிறகு அவ்விரண்டு ஊர்களின் கழகங்களும் ஒரே ஆண்டில், 2011இல், கலைந்தும் போயிருக்கின்றன. அவற்றின் ஏற்றத்தையும் இறக்கத்தையும் தோல் ஊர்களின் சரித்திரத்தோடு பக்கத்தில் வைத்துப் பார்த்தால், சிற்றூர் ஒன்றில் ஒரு ஸ்தாபனம் எதனால் நிலைக்கிறது, எதனால் அழிகிறது என்பது ஓரளவு விளங்கும்.

தென்னிந்தியாவின் முதல் பிரயாணி ரயில் 1856ஆம் ஆண்டு ஜூலை முதல் தேதி இராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரையில் ஓடிற்று. அப்பாதை மேற்கே நீண்டு ஆம்பூரையும் வாணியம்பாடியையும் தொட்டுச் சென்றபோது, ஆடுமாடுகள் மிகுந்த உள்நாட்டுக்கும் கப்பல் நின்ற சென்னைத் துறைமுகத்துக்கும் நடுவே இவ்வூர்கள் தாமாகவே ஒரு தரகு ஸ்தானத்தை அடைந்தன. வறண்ட காட்டில் விதைக்காமலே முளைக்கும் ஆவாரஞ்செடியின் பட்டையும், மலைச்சாரலில் கிடைக்கும் கடுக்காயும், அக்காலத்தில் மணலைச் சிறிது தோண்டினாலே ஊறிவந்த பாலாற்று நீரும் சேர்ந்து, உள்ளூரார் தோல் ஷாப்பு என்று சொல்லும் பதனிடும் சாலைகளை ஊர்தோறும் எழுப்பின. முதலீடு செய்து வியாபாரம் நடத்தியவர்கள் பெரும்பாலும் முஸ்லிம் வணிகர்கள். சுண்ணாம்புத் தொட்டியில் இறங்கி நின்று மயிர் நீக்கிச் சதை சீவித் தோலைத் தோலாக்கியவர்கள் பெரும்பாலும் ஆதிதிராவிடர்கள். இவ்விரு சாராரின் கையும் படாத தோல் ஒன்றும் அந்நாளில் இங்கிருந்து சென்னைப் பெரியமேட்டு மண்டிகளுக்குப் போனதில்லை என்றே சொல்லலாம்.

முதல் உலக யுத்தம் வந்தபோது இந்தத் தோலின் பெருமை படைத்துறைக்குத் தெரியவந்தது. சிப்பாய்களின் பூட்ஸுக்கு மேல்தோலாகப் பயன்படச் சென்னை மாகாணத்தில் மரப்பட்டையால் பதனிட்ட மாட்டுத்தோல் மிகவும் ஏற்றதென்று கண்ட அரசாங்கம், 1916இல் அதன் ஏற்றுமதியைத் தன் கட்டுப்பாட்டில் எடுத்துக்கொண்டு, பிரிட்டிஷ் யுத்த இலாகாவுக்கென வாங்கி அனுப்பலாயிற்று. ஐரோப்பாவின் சேற்று அகழிகளில் நின்ற போர்வீரனின் காலைக் காத்ததில், இவ்வூர்கள் அடங்கிய வட ஆற்காட்டு மாவட்டத்தின் ஆவாரம் பட்டைக்கும் ஒரு பங்கு உண்டு என்று சொன்னால் அது மிகையாகாது.

பூட்ஸ் அணிந்த அந்தப் படைதான் கால்பந்தாட்டத்தையும் இந்தியாவுக்குக் கொண்டுவந்தது. பாளையங்களிலும் கோட்டை மைதானங்களிலும் வெள்ளைக்காரச் சிப்பாய்கள் மாலைவேளைகளில் ஆடுவதை வேலிக்கு வெளியே நின்று பார்த்த நம்மவர், பந்தைக் கற்றுக்கொண்டார்களே ஒழிய பூட்ஸைக் கற்றுக்கொள்ளவில்லை. அதை வாங்கப் பணமும் இல்லை, வெறுங்காலுக்குப் பழகிய பாதம் அதை விரும்பவும் இல்லை. 1911ஆம் ஆண்டு ஜூலை 29ஆம் தேதி கல்கத்தாவில் ஐ.எப்.ஏ. கேடய இறுதியாட்டத்தில் ஈஸ்ட் யார்க்‌ஷயர் ரெஜிமெண்டை 2-1 என்ற கணக்கில் வென்று தேச சரித்திரத்திலேயே இடம்பெற்ற மோகன் பகான் அணியில், பூட்ஸ் போட்டவர் சுதீர் சாட்டர்ஜி ஒருவர்தாம். முப்பத்தேழு ஆண்டுகளுக்குப் பிறகு, சுதந்திர இந்தியா முதன்முதலாக 1948 லண்டன் ஒலிம்பிக்கில் பிரான்ஸை எதிர்த்து ஆடியபோதும் நம்மவரில் பெரும்பாலோர் வெறுங்காலோடுதான் நின்றார்கள். அன்று 2-1 என்று தோற்ற அணியின் ஒரே கோலைப் போட்டவர் பெங்களூரைச் சேர்ந்த சாரங்கபாணி ராமன். 1952இல் ஹெல்சிங்கியின் குளிரிலும் ஈரத்திலும் யூகோஸ்லாவியா 10-1 என்று நம்மைத் தோற்கடித்த பிறகுதான், வெறுங்கால் வீரம் சர்வதேச மைதானத்தில் செல்லாது என்ற ஞானம் அதிகாரிகளுக்கு உண்டாயிற்று. உலகத்துக்கே காலணித் தோலை அனுப்பிய தேசம் தன் ஆட்டக்காரனை வெறுங்காலில் நிறுத்தியிருந்தது என்பதில், அக்கால வியாபாரத்தின் தன்மை முழுவதும் அடங்கியிருக்கிறது: தோல் நம்முடையது, அதைத் தைத்து அணியும் உரிமை மட்டும் பிறருடையது.

வட ஆற்காட்டில் ஆட்டத் திறமை இல்லாமல் போகவில்லை. வயிற்றுப் பிழைப்புக்காகக் கோலார் தங்கவயலுக்கும் பெங்களூர்த் தண்டுப் பகுதிக்கும் இம்மாவட்டத்திலிருந்து ஜனங்கள் தலைமுறை தலைமுறையாகப் போய்க் குடியேறினார்கள். போனவர்களின் பிள்ளைகளுக்கு அங்கே பந்தும் கிடைத்தது, பார்க்கும் கண்களும் கிடைத்தன. பழைய வட ஆற்காட்டைச் சேர்ந்த வந்தவாசியில் பிறந்த பூங்கம் கண்ணன், கல்கத்தாவுக்குச் சென்று மோகன் பகானுக்கும் ஈஸ்ட் பெங்காலுக்கும் ஆடி, ஜெர்மானியப் பயிற்சியாளர் டெட்மர் கிராமரால் ஆசியாவின் பெலே என்று புகழப்பட்டார். திறமை இருந்தவன் ஊரை விட்டுப் போனால்தான் பிரக்யாதி அடைவான் என்ற நிலைமை, அவனுக்கு அல்ல, ஊருக்கே குறை. அவனைத் தன்னிடத்தில் வைத்துக்கொள்ளும் ஸ்தாபனம் ஊரில் இல்லை என்பதே அதன் பொருள்.

அப்படிப்பட்ட ஸ்தாபனம் ஒன்று வடக்கே பஞ்சாபில் எழுந்தது. தேசப் பிரிவினையின்போது சியால்கோட்டிலிருந்து ஓடிவந்த கைவினைஞர்கள் ஜலந்தரில் குடியேறி, தோலைத் துண்டு துண்டாக வெட்டி மெழுகு நூலால் தைத்துப் பந்து செய்யும் தொழிலை அங்கே வேரூன்றச் செய்தார்கள். அந்நாளில் ஆட்ட விதிகளே பந்தின் மேலுறை தோலாக இருக்கவேண்டுமென்று கேட்டன. மழையில் நனைந்தால் கல்லாய்க் கனக்கும் அப்பந்து, 1986 மெக்ஸிகோ உலகக் கோப்பையில் முற்றிலும் செயற்கைப் பொருளாலான பந்து வந்த பிறகே உலக அரங்கிலிருந்து விலகிற்று. ஜலந்தருக்குச் சமீபத்தில், பழைய கபூர்தலா சமஸ்தானத்தைச் சேர்ந்த ஊர் பக்வாரா. அங்கே கரம் சந்த் தாப்பர் நிறுவிய ஜகத்ஜித் நூற்பாலை, 1971இல் ஒரு கால்பந்தணியை ஏற்படுத்திற்று. ஆட்டக்காரனுக்கு உத்தியோகம் கொடுத்து, மாதச் சம்பளத்தால் அவன் குடும்பத்தின் கவலையைத் தீர்த்து, மாலையில் அவனை மைதானத்துக்கு அனுப்புவது ரயில்வேயும் போலீஸும் வங்கிகளும் ஆலைகளும் அக்காலத்தில் கைக்கொண்டிருந்த முறை. உத்தியோகமே நிச்சயமில்லாத தேசத்தில் அது பெரிய உபகாரம் என்பதில் சந்தேகமில்லை.

பக்வாராவின் மைந்தரும் பஞ்சாபின் தலைசிறந்த கோல் வீரருமான இந்தர் சிங் இவ்வணிக்கு ஆடினார். தொண்ணூறுகளில் சுக்விந்தர் சிங்கின் பயிற்சியில் கேரளத்து ஐ.எம். விஜயனும் சிக்கிமின் பாய்ச்சுங் பூட்டியாவும் ஆலையின் சீருடையை அணிந்தார்கள். ஃபெடரேஷன் கோப்பை அடுத்தடுத்து இருமுறை பக்வாராவுக்குப் போயிற்று. தேசிய லீக் என்பது முதன்முதலாக 1996-97இல் நடந்தபோது, ஈஸ்ட் பெங்காலையும் கோவாவின் பெரிய கழகங்களையும் பின்தள்ளிப் பட்டத்தை வென்றது கல்கத்தா அல்ல, மட்காவ் அல்ல, இந்தப் பருத்தி ஆலை. பூட்டியா 14 கோல்களோடு அந்த லீகின் முதல் கோல் வீரராக நின்றார். பின்னாளில் இந்தியத் தலைவராகப் பெயர்பெற்ற சுனில் சேத்ரியும் இங்கே சில ஆண்டுகள் ஆடியவரே.

ஆனால் காலப்போக்கில் கழகத்துக்கும் ஊருக்கும் இடையே இருந்த பந்தம் மெலிந்தது. தேசிய லீகின் இடத்தில் வந்த ஐ-லீகின் காலத்தில் அதன் சொந்த ஆட்டங்கள் லூதியானாவில் நடந்தன. கழகத்தின் பெயர் ஆலையின் பெயராகவே இருந்தது. டிக்கெட்டாலும் சந்தாவாலும் வரும் வருமானம் என்று குறிப்பிடத் தக்கதொன்று இருக்கவில்லை. 2010-11 பருவத்தில் அணி கடைசி இடத்துக்குச் சரிந்து தரமிறங்கியதும், அவ்வாண்டு ஜூன் மாதத்திலேயே நிர்வாகம் அணியைக் கலைத்துவிட்டது. இந்தியக் கால்பந்துக்குப் போதிய பிரசாரமும் தொலைக்காட்சிப் பார்வையும் இல்லாமையால் செலவுக்குத் தக்க பயன் கிடைக்கவில்லை என்பது அவர்கள் கூறிய காரணம். ஆலைக்காரர் கணக்கின்படி அதில் பிழையில்லை. நாற்பது ஆண்டு தங்கள் பணத்தைச் செலவிட்டவர்கள், அதற்கு மேல் செலவிட மாட்டோம் என்று சொல்ல உரிமை உடையவர்களே. எதிர்த்துக் கேட்க அந்தக் கழகத்தில் ஊராருக்கு அவ்வாறான உரிமை ஏதும் இல்லை என்பதே அதன் பலவீனம்.

இனி ருமேனியாவுக்குப் போவோம். புக்கரெஸ்ட்டிலிருந்து வடகிழக்கே சுமார் 60 கிலோமீட்டர் தூரத்தில், கோதுமையும் சூரியகாந்தியும் விளையும் சமவெளியில், இயாலோமித்சா மாவட்டத்தில் இருக்கிறது உர்சிசேனி என்னும் சிறு பட்டணம். கழகம் புகழ்பெற்ற நாளில் அதன் ஜனத்தொகை சுமார் 17,000. ஒரு லட்சத்தைத் தாண்டிய ஆம்பூரில் ஆறில் ஒரு பங்குகூட இல்லை. அங்கே 1954இல் தோன்றிய உனிரேயா என்ற கழகம், பொதுவுடைமை ஆட்சிக் காலம் முழுவதும் கீழ்நிலை லீகுகளிலேயே ஆடிக்கொண்டிருந்தது. அந்த ஆட்சி 1989இல் வீழ்ந்த பிறகு ருமேனியாவின் கழகங்கள் பல தனி மனிதர்களின் கைக்கு மாறின. உனிரேயாவும் துமித்ரு புக்ஷாரு என்ற செல்வரின் ஆதரவைப் பெற்று, 2006இல் முதன்முறையாக முதல் லீகில் கால்வைத்தது. ஆட்டக்காரராக இருந்த காலத்தில் இங்கிலாந்தின் செல்சி அணியில் பெயரெடுத்த தான் பெத்ரெஸ்கு பயிற்சியாளரானார். பெரிய கழகங்கள் வேண்டாமென்று விட்ட ஆட்டக்காரர்களைத் திரட்டி, கடும் பயிற்சியாலும் கட்டுப்பாட்டாலும் அவர்களை ஓர் அணியாக்கி, 2008-09இல் அவர் ருமேனியாவின் சாம்பியன் பட்டத்தையே வென்றுவிட்டார்.

அதற்கடுத்த இலையுதிர் காலத்தில் உர்சிசேனி என்ற பெயரை ஐரோப்பா முழுவதும் உச்சரித்தது. சாம்பியன்ஸ் லீகில் ஸ்பெயினின் செவில்லா, ஜெர்மனியின் ஸ்டுட்கார்ட், ஸ்காட்லாந்தின் ரேஞ்சர்ஸ் ஆகிய மூன்று பெரிய கழகங்களோடு ஒரே பிரிவில் இடம்பெற்ற இப்பட்டணத்து அணி, கிளாஸ்கோவின் ஐப்ராக்ஸ் மைதானத்தில் ரேஞ்சர்ஸை 4-1 என்று வென்றது. செவில்லாவை 1-0 என்று வென்றது. 8 புள்ளிகளோடு மூன்றாம் இடத்தைப் பெற்று, அடுத்த சுற்றுக்கு ஒரு புள்ளியே குறையாக நின்றது. ஆயினும் ஒரு விஷயத்தை இங்கே கவனிக்கவேண்டும். அந்த ஆட்டங்களில் ஒன்றுகூட உர்சிசேனியில் நடக்கவில்லை. ஊரின் சிறிய மைதானம் ஐரோப்பிய விதிகளுக்குப் பொருந்தாமையால், சொந்த ஆட்டங்கள் எல்லாம் புக்கரெஸ்ட்டில் ஸ்தெவாவா கழகத்தின் மைதானத்தில் ஆடப்பட்டன. ஊருக்குப் பெயர் கிடைத்தது. ஊரார் தங்கள் அணியைப் பார்க்க வேற்றூருக்குப் போகவேண்டியிருந்தது.

வீழ்ச்சி எழுச்சியைவிட வேகமாக வந்தது. 2009ஆம் ஆண்டின் முடிவில் பெத்ரெஸ்கு ரஷ்யக் கழகம் ஒன்றுக்குப் போய்விட்டார். அடுத்த ஆண்டு லிவர்பூலிடம் தோற்று ஐரோப்பாவின் இரண்டாம் நிலைப் போட்டியிலிருந்தும் வெளியேறிய அணி, தேசிய லீகில் இரண்டாம் இடத்தைப் பிடித்தது என்னவோ உண்மை. ஆனால் அதற்குள் உடையவரின் மனம் விலகிவிட்டது. பணம் நின்றது, ஆட்டக்காரர்கள் விற்கப்பட்டார்கள், 2010-11இல் தரமிறங்கிய கழகம் 2011இல் கலைந்தது. தேசத்தின் சாம்பியனாகிய நாளுக்கும் கலைந்த நாளுக்கும் இடையே இருந்தவை இரண்டே ஆண்டுகள்.

இத்தகைய உதாரணம் தமிழ்நாட்டிலும் உண்டு. சென்னை சிட்டி என்ற கழகம் தலைநகரின் பெயரைத் தாங்கியவாறே கோயம்புத்தூரில் ஆடி, 2018-19இல் ஐ-லீக் பட்டத்தை வென்றது. சுவிட்சர்லாந்தின் பாசல் கழகமே அதில் பங்கு வாங்கிற்று. மூன்று ஆண்டுகளுக்குள் அந்த லீகில் அதன் பெயர் இல்லாமல் போயிற்று. பஞ்சாபின் ஆலையும் ருமேனியாவின் செல்வரும் தமிழகத்தின் தனியார் கழகமும் தம்முள் எவ்விதச் சம்பந்தமும் இல்லாதவர்கள்; என்றாலும் கதையின் போக்கு ஒன்றாகவே இருக்கிறது. ஆட்டம் ஓர் ஊரில், பெயர் வேறொன்றில், பணம் ஒரே ஒரு கையில் என்று அமைந்த கழகம், அந்தக் கை மடங்கும் நாளில் முடிந்துபோகிறது.

இதே கண்ணோடு தோல் ஊர்களின் சரித்திரத்தை மறுபடியும் பார்ப்போமானால், அங்கே நாம் காண்பது முற்றிலும் வேறான ஒரு வழக்கம். இப்பிரதேசத்துத் தோல் வணிகர்கள் கொடைக்குப் பின்வாங்கியவர்கள் அல்லர். மேல்விஷாரத்தில் பிறந்து 1938இல் மறைந்த சி. அப்துல் ஹக்கீம் சாகிப், சென்னை சென்ட்ரல் ரயில் நிலையத்துக்கு எதிரில் பிரயாணிகள் தங்குவதற்குச் சித்தீக் சராயைக் கட்டிவைத்தார்; அவர் பெயரால் மேல்விஷாரத்தில் 1965இல் கல்லூரி ஏற்பட்டது. வாணியம்பாடியின் வணிகர்கள் முஸ்லிம் கல்விச் சங்கம் என்ற ஸ்தாபனத்தின் மூலமாக முதலில் பள்ளியும், 1919இல் இஸ்லாமியா கல்லூரியும் நடத்தலானார்கள். கொடுத்தவர் போன பிறகும் கொடை நின்றதற்குக் காரணம், அது ஒருவரின் பெட்டியைச் சார்ந்திராமல் சங்கத்தின் விதிகளையும் சொத்தையும் சார்ந்திருந்ததுதான். அதன் செயலாளர் மாறுவார், தலைவர் மாறுவார், தோல் விலை ஏறும், இறங்கும். ஜூன் மாதம் வந்தால் பள்ளி மட்டும் திறந்துகொண்டே இருக்கும்.

சேர்ந்து செய்தல் என்பதை இவ்வூர்கள் தருமத்தினால் மட்டும் அல்ல, தண்டனையினாலும் கற்றுக்கொண்டன என்பதையும் மறைக்கக் கூடாது. பட்டைப் பதனிடுதல் குறைந்து குரோம் பதனிடுதல் பெருகியபோது, பாலாற்றின் மணலுக்கு அடியில் இருந்த நீரும் சுற்றியிருந்த வயல்களும் உப்பாலும் கழிவாலும் கெட்டுப்போயின. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996ஆம் ஆண்டு ஆகஸ்ட் 28ஆம் தேதி அளித்த தீர்ப்பு, தோல் ஷாப்பு ஒவ்வொன்றுக்கும் ரூ.10,000 அபராதம் விதித்ததோடு, கழிவுநீரைச் சுத்திகரிக்கும் வசதி இல்லாதவற்றை மூடவும் உத்தரவிட்டது. தனியே ஒரு சுத்திகரிப்பு நிலையம் கட்ட இயலாத சிறிய ஷாப்புக்காரர்கள் ராணிப்பேட்டையிலும் ஆம்பூரிலும் வாணியம்பாடியிலும் பங்கு போட்டுப் பொதுச் சுத்திகரிப்பு நிலையங்களின்மூலம் பிழைத்தார்கள். கெடுத்த நீரும் நிலமும் பழைய நிலைக்குத் திரும்பிவிட்டன என்று சொல்ல யாருக்கும் மனம் வராது. ஆனால், பல போட்டியாளர்கள் ஒரே ஸ்தாபனத்துக்குப் பங்கு செலுத்தி நடத்த முடியும் என்பது அதனால் நிரூபணமாயிற்று.

தொழிலின் உருவமும் மாறியிருக்கிறது. அரைகுறையாகப் பதனிட்ட தோலை அப்படியே கப்பலேற்றுவதை எழுபதுகளில் மத்திய அரசாங்கம் கட்டுப்படுத்தியதன் விளைவாக, இங்கேயே தோலை முடித்து, இங்கேயே வெட்டி, இங்கேயே தைத்து, முழுச் செருப்பாகவும் ஷூவாகவும் அனுப்பும் கம்பெனிகள் ஆம்பூரைச் சுற்றிப் பெருகின. காலையில் கம்பெனி பஸ்களில் வந்திறங்கும் தொழிலாளர்களில் பெரும்பாலோர் சுற்றுக் கிராமங்களைச் சேர்ந்த பெண்கள். தோல் நம்முடையது, தைப்பவர் பிறர் என்ற பழைய நிலைமை அந்த மட்டில் மாறிவிட்டது. ஆட்டத்தைப் பற்றிய நிலைமைதான் மாறவில்லை. திறமையுள்ள பிள்ளை இன்னமும் சென்னைக்கோ பெங்களூருக்கோ ரயிலேறவேண்டியிருக்கிறது.

ஆகவே, இப்பிரதேசத்தில் பெரிய கழகம் எழவில்லை என்று இரங்குவதைவிட, உர்சிசேனியையும் பக்வாராவையும் போன்ற கழகம் இங்கே எழுந்து விழவில்லை என்று ஆறுதல் அடைவதே பொருந்தும். இனி ஒன்று எழுமானால், அது கம்பெனிப் பெயரால் அல்ல, ஊர்ப் பெயரால் எழவேண்டும். ஒரே முதலாளியின் நன்கொடையால் அல்ல, சங்கப் பதிவாலும் உறுப்பினர் சந்தாவாலும் நடைபெறவேண்டும். ஜெர்மனியில் 1998 முதல், எத்தனை பணம் போட்டவரானாலும் பொதுவிதியாகக் கழகத்தின் வாக்குகளில் பெரும்பான்மை உறுப்பினர் சங்கத்தின் கையிலேயே இருக்கவேண்டுமென்று விதி வைத்திருக்கிறார்கள். அதைப் படிக்க அவ்வளவு தூரம் போகவேண்டியதில்லை, வாணியம்பாடியின் கல்விச் சங்கமே போதுமான பாடம். முதல் செலவு வெளிநாட்டு ஆட்டக்காரனுக்கு ஆகவேண்டாம். ஊருக்குள்ளேயே ஒரு சொந்த மைதானத்துக்கு ஆகட்டும். ஷூ கம்பெனியில் வேலை செய்யும் பெண்களுக்கும், பழைய தோல் ஷாப்புத் தொழிலாளரின் பிள்ளைகளுக்கும், முதலாளிகளின் பிள்ளைகளுக்கும் அங்கே சம உரிமை இருக்கட்டும். கோப்பை வர இருபது ஆண்டானாலும் ஆகட்டும். பள்ளிகளை நடத்திக்காட்டிய ஊர்களுக்கு அந்தப் பொறுமை புதியதன்று. ஆம்பூரிலும் வாணியம்பாடியிலும் வேலூரிலும் உள்ள பெரியோர்கள் இதைச் சிந்தித்து, முதல் சந்தாப் புத்தகத்தை அச்சிட முன்வரவேண்டும் என்பதே நம் வேண்டுகோள்.